ஒளித்தட்டில் வாழ்ந்த பழைய படங்கள்

ஒரு கலைப்படைப்பு மக்கள் உள்ளத்திலே நிலைபெறுவதற்கு அதன் சிறப்பு மட்டும் போதாது. மக்களிடம் அதனைக் கொண்டுசேர்க்கும் கலம் ஒன்றும் வேண்டும். செய்யுளுக்கு ஏடு கலமாயிற்று. ஏட்டுக்குப் பின் அச்சு வந்தது. இசைக்கு இசைத்தட்டும் வானொலியும் வாய்த்தன. திரைப்படத்துக்கோ நெடுங்காலம் கொட்டகை ஒன்றே இருப்பிடமாக இருந்தது. படம் ஊருக்கு வரும். சில வாரம் ஓடும். பெட்டியிலே அடைபட்டு அடுத்த ஊருக்குப் போய்விடும். பார்த்தவர் நெஞ்சில் எஞ்சிய நினைவே அதன் பின்னர் அவர்களுக்குச் சொந்தம். விரும்பிய படத்தை விரும்பிய நாளிலே தம் வீட்டில் வைத்துப் பார்க்கலாம் என்னும் நிலை ஒளிநாடாவோடு தொடங்கி, ஒளித்தட்டோடு வளர்ந்து, ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்குள் பெரும்பாலும் முடிந்துபோயிற்று. அக்குறுகிய காலத்தை இன்று பலர் ஏக்கத்தோடு நினைக்கின்றனர். அந்த ஏக்கத்துக்கு உள்ளே ஒரு வரலாறு இருக்கின்றது. அவ்வரலாற்றை இலங்கையின் மலைச்சரிவு ஊர் ஒன்றை நடுவாகக் கொண்டு நோக்குவது பயன் தரும்.

மாத்தளை நகரிலிருந்து வடகிழக்கே மலையேறும் வீதியில் அமைந்திருப்பது இரத்தோட்டை. அவ்வீதி அப்பாலும் வளைந்து வளைந்து ஏறி, நக்கிள்ஸ் மலைத்தொடரின் ரிவர்ஸ்டன் முகட்டைக் கடந்து, இலுக்கும்புற நோக்கி இறங்குகின்றது. அம்மலைத்தொடரின் காடுகள் 2010ஆம் ஆண்டில் உலக மரபுரிமைப் பட்டியலிற் சேர்க்கப்பட்ட மத்திய மலைநாட்டின் ஒரு கூறாகும். தேயிலை, இறப்பர், கொக்கோ, மிளகு, ஏலம், கராம்பு ஆகியன விளையும் பகுதி இது. சிங்களவரும் தமிழரும் முஸ்லிம்களும் ஒரே கடைவீதியில் வணிகம் செய்யும் ஊர். கடைவீதிக்கு மேலே, சரிவுகளிலே, தோட்டங்களும் லயன்களும் இருக்கின்றன.

இத்தோட்டங்களில் வாழும் தமிழரின் முன்னோர் 19ஆம் நூற்றாண்டிலே தென்னிந்தியாவிலிருந்து கோப்பித் தோட்ட வேலைக்கு வந்தவர்கள். மன்னார்க் கரையில் இறங்கி, வன்னிக் காட்டையும் தம்புள்ளையையும் கடந்து, மாத்தளை வழியாகவே அவர்கள் மலைநாட்டுக்குட் புகுந்தனர். பசியாலும் கொள்ளை நோயாலும் அவ்வழியிலே மாண்டவர் பலர். கண்டியிலிருந்து மாத்தளைக்குப் புகையிரதப் பாதை 1880ஆம் ஆண்டிலே திறக்கப்பட்டது. ஆகவே மலையகத் தமிழருக்கு மாத்தளை வெறும் ஊர்ப்பெயர் அன்று. அவர்கள் வரலாற்றின் வாயில் அது. அங்குள்ள முத்துமாரியம்மன் கோயிலின் மாசி மகத் தேர்த்திருவிழாவுக்கு இன்றும் சுற்றுத் தோட்டங்களின் மக்கள் திரண்டு வருகின்றனர்.

இம்மக்களின் உரிமை 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தாற் பறிபோயிற்று. 1964ஆம் ஆண்டு ஒக்டோபரிலே சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த உடன்படிக்கை 525,000 பேரை இந்தியா ஏற்பது, 300,000 பேரை இலங்கை ஏற்பது என வகுத்தது. எஞ்சிய 150,000 பேரை இரு நாடுகளும் சமமாகப் பகிர்ந்துகொள்வதென 1974ஆம் ஆண்டில் முடிவாயிற்று. எண்களாகப் பார்க்கும்போது இது கணக்கு. வீட்டுக்குட் பார்க்கும்போதோ, அண்ணன் நீலகிரிக்கும் தம்பி இரத்தோட்டைக்கும் என்று பிரிந்த குடும்பங்களின் கதை. 1984ஆம் ஆண்டளவிலே தலைமன்னாருக்கும் இராமேசுவரத்துக்கும் இடையிலான கப்பற் போக்குவரத்தும் நின்றுவிட்டது. அதன் பின் எஞ்சிய தொடர்புகள் மிகச் சில. கடிதம் ஒன்று; வானொலி ஒன்று; திரைப்படம் மற்றொன்று.

தோட்டத்து மக்களுக்குத் திரைப்படம் எளிதிற் கிடைத்த பொருளன்று. நகரத்துக் கொட்டகைக்குப் போவதென்றால் பேருந்துக் கட்டணம் வேண்டும்; நுழைவுச்சீட்டுக்குக் காசு வேண்டும்; இரவுக் காட்சி முடிந்தபின் மலையேறி வீடு திரும்பத் துணையும் வேண்டும். ஆதலாற் சம்பள நாளும் பண்டிகை நாளுமே படம் பார்க்கும் நாள்களாயின. சில தோட்டங்களின் மைதானத்தில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய நாள்களும் உண்டு. படம் பார்க்க இயலாதவர்களுக்கு வானொலி துணைநின்றது. இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவை ஒலிபரப்பிய திரைப்பாடல்கள் மலைநாட்டின் லயன்களிலும் தமிழகத்தின் சிற்றூர்களிலும் ஒருங்கே கேட்கப்பட்டன. திரைப்படத்தின் உரையாடலையும் பாட்டையும் சுருக்கித் தரும் ஒலிச்சித்திரத்தைக் கேட்டே, காணாத படத்தின் வசனத்தை ஒப்புவிக்கக் கற்றவர் ஏராளம். அவர்கள் காதாற் படம் பார்த்தவர்கள்.

இந்தப் படங்களின் கதைகளிலே இம்மக்கள் தம்மைக் கண்டதில் வியப்பில்லை. 1952ஆம் ஆண்டில் வெளிவந்த ‘பராசக்தி’ இரங்கூனிலே பிழைக்கப் போன தமிழ்க் குடும்பம் ஒன்று போர்க்காலத்தில் தாயகம் திரும்பி அலைவதைச் சொல்கின்றது. கடல்கடந்து போனவனுக்குத் தாயகத்திலும் இடமில்லை என்பது, ‘இந்தியா ஏற்பது’ என்ற பட்டியலிலே பெயர் விழுந்த குடும்பத்துக்குக் கதையாக மட்டும் தோன்றியிராது. 1965ஆம் ஆண்டின் ‘ஆயிரத்தில் ஒருவன்’ தீவொன்றிலே அடிமைகளாக விற்கப்பட்டவர்கள் விடுதலைக்குப் போராடுவதைக் காட்டுகின்றது. அதிலே தலைவனாக நடித்த எம். ஜி. ஆர். 1917ஆம் ஆண்டு கண்டியிலே பிறந்தவர். அவரை மலைநாட்டு மக்கள் தம் மண்ணிலே பிறந்தவர் என உரிமையோடு எண்ணினர். 1965ஆம் ஆண்டில் அவர் இலங்கைக்கு வந்தபோது அந்த அன்பு வெளிப்படையாயிற்று.

இலங்கையிலேயே தமிழ்ப் படம் எடுக்கும் முயற்சியும் இக்காலத்திலே முளைத்தது. 1962ஆம் ஆண்டின் ‘சமுதாயம்’ அதன் தொடக்கம். அடுத்த ஆண்டிலே ‘தோட்டக்காரி’ வந்தது. மலையகத் தொழிற்சங்கத் தலைவரான வி. பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ 1975ஆம் ஆண்டிலும், ‘நான் உங்கள் தோழன்’ 1978ஆம் ஆண்டிலும் திரையேறின. தொகையிற் சிறியனவாயினும், இவை இந்நாட்டுத் தமிழரின் பேச்சையும் நிலத்தையும் திரையிலே காட்ட முனைந்த படங்கள். இவற்றின் பின்னைய கதையை இவ்வுரையின் பிற்பகுதி கூறும்.

இலங்கையின் திரைப்படத் துறையும் இக்காலத்தில் மாறிக்கொண்டிருந்தது. 1972ஆம் ஆண்டிலே அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டு, படங்களின் இறக்குமதியும் விநியோகமும் அதன் கைக்கு வந்தன. அந்நியச் செலாவணி நெருக்கடியால் இந்தியப் படங்கள் அளவோடு வரலாயின. 1977ஆம் ஆண்டின் பின் பொருளாதாரம் திறந்துவிடப்பட்டது. இறக்குமதிப் பொருள்கள் கடைகளை நிரப்பின. 1979ஆம் ஆண்டில் நாட்டின் முதலாவது தொலைக்காட்சி நிலையம் ஒளிபரப்பைத் தொடங்கிற்று. 1982 பெப்ரவரியில் ரூபவாஹினி தொடங்கிற்று. தொலைக்காட்சிப் பெட்டியோடு ஒளிநாடாக் கருவியும் வந்தது. மக்கள் அதனை ‘டெக்’ என்றனர். பீற்றாமாக்ஸ் 1975இலும் வி.எச்.எஸ். 1976இலும் ஜப்பானிலே பிறந்த முறைகள். அவற்றுட் பின்னது உலகை வென்றது.

ஆனால் இரத்தோட்டையைச் சூழ்ந்தவை போன்ற தோட்டங்களுக்கு இவ்வசதி நேரே வந்துவிடவில்லை. 1980களில் மலைநாட்டு லயன்களுள் மிகப் பலவற்றிலே மின்சாரம் இல்லை. மோட்டார் வாகனத்தின் பேட்டரியே விளக்குக்கும் தொலைக்காட்சிக்கும் உயிராயிற்று. பேட்டரி இறங்கினால் அதைத் தோளிலோ பேருந்திலோ ஏற்றிக் கடைவீதிக்குக் கொண்டுபோய்ச் சார்ஜ் செய்து மீளவேண்டும். பண்டிகைக்கும் சடங்குக்கும் டெக்கையும் தொலைக்காட்சியையும் மின்பிறப்பாக்கியையும் வாடகைக்கு எடுத்து, ஊர் கூடி விடியவிடியப் படம் பார்ப்பது வழக்கமாயிற்று. சிவராத்திரி விழிப்புக்கு அது நல்ல துணை. ஒரு நாடாவின் வாடகையைப் பத்து வீட்டார் பகிர்ந்தனர். ‘வீட்டுத் திரை’ என்று பெயர் பெற்றிருந்தாலும், அது ஒரு வீட்டின் திரையாக இருக்கவில்லை; ஒரு லயனின் திரையாகவே இருந்தது.

காலமும் மக்களை வீட்டுக்குள் ஒதுக்கிற்று. 1983 ஜூலை வன்செயலின் பின்னரும், 1987 முதல் 1989 வரை மாத்தளைப் பகுதியைக் கலக்கிய கிளர்ச்சியும் அடக்குமுறையும் நிகழ்ந்த நாள்களிலும் இரவிலே வெளியிற் செல்வது அச்சத்துக்குரியதாயிற்று. இரவுக் காட்சிக்கு நகரம் போய் மீளும் துணிவு எவருக்கு வரும்? கதவடைத்த அறைக்குள்ளே ஒலியைத் தாழ்த்திவைத்துப் பார்த்த பழைய படமே அந்நாள்களின் ஆறுதல்.

ஒளிநாடாவுக்குப் பகை ஈரம். மழையும் பனிமூட்டமும் மிகுந்த மலைச்சரிவிலே காந்தப் பூச்சுள்ள நாடா பூஞ்சணம் பிடித்தது. ஒவ்வொரு முறை ஓடும்போதும் கருவியின் தலையோடு உராய்ந்து தேய்ந்தது. நாடாவிலிருந்து நாடாவுக்குப் படியெடுக்கப் படியெடுக்க உருவம் மங்கிற்று. படத்தைக் காட்டிலும் மழைக்கோடுகளே மிகுதியாகத் தெரிந்த படிகளும் புழக்கத்தில் இருந்தன. இக்குறையைத் தீர்க்க வந்ததே ஒளித்தட்டு.

ஒளித்தட்டின் மூத்த வடிவம் லேசர் டிஸ்க். நீள்விளையாட்டு இசைத்தட்டின் அளவில், 30 சென்ரிமீற்றர் விட்டம் கொண்ட அத்தட்டு 1978ஆம் ஆண்டின் இறுதியில் அமெரிக்காவிலே விற்பனைக்கு வந்தது. விலை மிகுதியால் அது செல்வர்க்கும் சேகரிப்போர்க்கும் உரியதாகவே நின்றது. 1982ஆம் ஆண்டிலே சோனி, பிலிப்ஸ் நிறுவனங்களின் கூட்டுமுயற்சியால் 12 சென்ரிமீற்றர் விட்டமுள்ள இசை இறுவட்டு தோன்றியது. அதே அளவுத் தட்டிலே படத்தையும் அடக்கும் முறை 1993ஆம் ஆண்டில் வகுக்கப்பட்டது. இதுவே வி.சி.டி. எனப் பெயர்பெற்றது. மேலை நாடுகள் இதனைப் பெரிதும் பொருட்படுத்தவில்லை. சீனாவோ அதே ஆண்டிலே இதற்கான கருவியைச் செய்யத் தொடங்கியது. மலிவான கருவிகள் ஆசியா எங்கும் பரந்தன.

இத்தட்டு தொழிற்படும் விதம் எளிமையும் நுட்பமும் கலந்தது. தெளிந்த பொலிகாபனேற்றுத் தட்டின் ஒரு பக்கத்திலே நுண்ணிய குழிகள் சுருள்வடிவத்தில் உள்ளிருந்து வெளியாக அமைந்துள்ளன. ஒரு சுற்றுக்கும் அடுத்த சுற்றுக்கும் உள்ள இடைவெளி ஒரு மில்லிமீற்றரை ஆயிரமாகப் பகுத்தால் அவற்றுள் 1.6 பங்கு. குழிகளின் மேல் மெல்லிய அலுமினியப் பூச்சு. அதன்மேல் ஒரு காப்புப் பூச்சு. கருவியின் லேசர்க் கதிர் அப்பூச்சிலே பட்டுத் திரும்புவதில் ஏற்படும் வேறுபாடே படமாகவும் ஒலியாகவும் மாற்றப்படுகின்றது. ஒளியன்றி வேறொன்றும் தட்டைத் தொடுவதில்லை. ஆதலால் ஓடுவதாலே தேய்வில்லை. ஈரத்திலும் நாடாவைப் போல எளிதிற் பூஞ்சணம் பிடிப்பதில்லை. படியெடுத்தாலும் உருவம் மங்குவதில்லை. நூறாவது படியும் முதற்படியைப் போன்றதே.

குறையும் உண்டு. ஒரு வி.சி.டி.யிலே ஏறத்தாழ 74 நிமிடக் காட்சியே அடங்கும். மூன்று மணி நேரம் ஓடும் பழைய தமிழ்ப் படத்துக்கு மூன்று தட்டுகள் வேண்டும். கதை உச்சத்திலே நிற்கையில் தட்டு முடிந்துவிடும். ஒருவர் எழுந்து அடுத்த தட்டை இடும்வரை கூடியிருந்தோர் கதையைப் பேசுவர், தேநீர் வரும், உறங்கிய குழந்தையைத் தட்டி எழுப்புவர். கொட்டகையின் இடைவேளையை இயக்குநர் வகுத்தார். வீட்டின் இடைவேளையைத் தட்டின் கொள்ளளவு வகுத்தது. ஏக்கத்தோடு அக்காலத்தை நினைப்பவர் பலரும் முதலிற் குறிப்பிடுவது இந்தத் தட்டு மாற்றும் பொழுதையே. 1996ஆம் ஆண்டிலே ஜப்பானில் அறிமுகமான டி.வி.டி. முழுப் படத்தையும் ஒரே தட்டில் அடக்கிற்று, படமும் தெளிவடைந்தது. ஆனால் கூட்டத்தின் நடுவே அமைந்த அந்த ஓய்வு அதனோடு போயிற்று.

இலங்கையில் ஒளித்தட்டு பரவிய காலம் கருதத்தக்கது. 2002 பெப்ரவரியிலே போர்நிறுத்த உடன்படிக்கை கைச்சாத்தாயிற்று. 2003ஆம் ஆண்டிலே, நாடற்றவராய் எஞ்சியிருந்த இந்திய வம்சாவளி மக்களுக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் பாராளுமன்றத்தில் நிறைவேறிற்று. தேசிய அடையாள அட்டையும் தட்டு ஓட்டும் கருவியும் அண்மித்த ஆண்டுகளிலே லயன் அறைக்கு வந்து சேர்ந்தன எனலாம். 1948ஆம் ஆண்டிலே தொடங்கிய நாடற்ற நிலை சட்டத்தளவிலே முடிவுக்கு வந்த அக்காலத்தில், அந்நிலையோடு கூடவே வளர்ந்த படங்களை மூன்று தலைமுறையினர் ஒரே பாயிலிருந்து பார்த்தனர்.

இதன் பொருளைச் சற்று நிதானித்து நோக்கவேண்டும். 1958ஆம் ஆண்டிலே வெளிவந்த ‘நாடோடி மன்னன்’ முதற்பகுதி கறுப்பு வெள்ளையாகவும் பிற்பகுதி வண்ணமாகவும் எடுக்கப்பட்ட படம். அதனை இளமையிலே நகரத்துக் கொட்டகையிற் பார்த்த பாட்டிக்கு வண்ணம் எப்போது வரும் என்பது தெரியும். பேரனுக்குத் தெரியாது. வண்ணம் வரும் வேளையில் பாட்டி பேரனின் முகத்தையே பார்ப்பாள். வசனத்தை ஒலிச்சித்திரத்திலே கேட்டு மனனஞ் செய்திருந்த தாத்தா, முகங்களை அப்போதுதான் முதன்முறையாகக் காண்பார். ஐம்பது ஆண்டுகள் காதிலே வாழ்ந்த ‘பராசக்தி’ கண்ணுக்கு வந்தது ஒளித்தட்டாலேதான் என்னும் நிலை மலைநாட்டிலே அரிதன்று. தொலைக்காட்சி நிலையம் தான் விரும்பிய நாளிலே படத்தைக் காட்டும். மலை மறைத்த பள்ளத்திலே அலையும் ஒழுங்காக எட்டாது. தட்டோ கேட்டபோது பேசிற்று, நிறுத்தியபோது நின்றது, நெஞ்சைத் தொட்ட காட்சியை மீண்டும் காட்டிற்று.

உலகெங்கும் சிதறிய தமிழரிடையேயும் இது நிகழ்ந்தது. இலண்டனைத் தளமாகக் கொண்ட ஐங்கரன் நிறுவனம் வெளியிட்ட தமிழ்த் தட்டுகள் ஐரோப்பாவிலும் கனடாவிலும் ஈழத்தமிழர் வீடுகளை நிறைத்தன. 2007ஆம் ஆண்டளவிலே இந்தியாவின் மோசர்பேர் நிறுவனம் வி.சி.டி.யை 28 ரூபாவுக்கும் டி.வி.டி.யை 34 ரூபாவுக்கும் விற்கத் தொடங்கியபோது, பழைய படங்கள் ஒரு வேளைச் சிற்றுண்டி விலைக்கு வந்துவிட்டன. அதுவரை வாடகைக்கு எடுத்துப் பார்த்த குடும்பம், தட்டைச் சொந்தமாக்கி அலமாரியிலே அடுக்கும் நிலை உண்டாயிற்று. நூலில்லாத வீடுகளிலும் ஒரு சிறு படத்தொகுப்பு தோன்றியது.

இப்புழக்கத்தின் மறுபக்கத்தையும் மறைத்தலாகாது. கடைவீதிகளில் விற்ற தட்டுகளுட் பெரும்பங்கு உரிமையின்றிப் படியெடுக்கப்பட்டவை. அதனாற் படம் எடுத்தவரும் முறையாக விநியோகித்தவரும் இழப்படைந்தனர், கொட்டகைகளும் நலிந்தன. இலங்கையிலே 2003ஆம் ஆண்டின் புலமைச் சொத்துச் சட்டம் இதனைக் குற்றமென வரையறுத்தது. ஆயினும் முறையான படி கிடைக்காத ஊர்களிலே பழைய படங்களைப் புழக்கத்தில் வைத்திருந்தது இந்தப் படிகளே என்பதும் மறுக்கமுடியாத உண்மை. சட்டத்தின் நியாயமும் மக்களின் தேவையும் இங்கே ஒன்றையொன்று முழுதும் வெல்லவில்லை.

பல படிகள் இருப்பதன் அருமையை உணர, ஒரே படி இருந்தவற்றுக்கு நேர்ந்ததை நினைக்கவேண்டும். தென்னிந்தியாவின் முதலாவது மௌனக் கதைப்படமாகிய ‘கீசக வதம்’ நடராஜ முதலியாரால் 1910களின் இறுதியில் எடுக்கப்பட்டது. அதன் படி இன்று இல்லை. 1931ஆம் ஆண்டில் வெளிவந்த முதலாவது தமிழ்ப் பேசும் படமாகிய ‘காளிதாஸ்’ படத்தின் படியும் இன்று கிடைக்கவில்லை. அக்காலத்துப் படச்சுருள் எளிதில் தீப்பற்றும் நைத்திரேற்றினால் ஆனது. இந்தியா தன் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தைப் பூனாவில் நிறுவியது 1964ஆம் ஆண்டிலேதான். அதற்கு முன்னே போனவை போனவையே.

இலங்கைத் தமிழ்ப் படங்களுக்கு நேர்ந்ததோ இதனினுங் கொடிது. 1983 ஜூலையிலே கொழும்பில் மூண்ட தீ கடைகளையும் வீடுகளையும் மட்டும் எரிக்கவில்லை. தமிழர் நடத்திய கொட்டகைகளையும் படக்களஞ்சியங்களையும் எரித்தது. கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா கலைக்கூடம் எரிந்தபோது சிங்களப் படங்களின் மூலச்சுருள்கள் பலவும் சாம்பலாயின. தமிழரின் கூடம் என்று கருதி இட்ட தீ சிங்களவரின் கலைச்செல்வத்தையும் உண்டது. இலங்கைத் தமிழ்ப் படங்களின் படிகள் பலவும் அந்நாள்களிலே அழிந்தன. அவற்றின் கதையைத் தம்பிஐயா தேவதாஸ் எழுதிய ‘இலங்கைத் தமிழ்ச் சினிமாவின் கதை’ என்னும் நூலாலே பலர் அறிகின்றனர். ஒளித்தட்டுக் காலம் வந்தபோது சென்னையின் ‘நாடோடி மன்னன்’ இரத்தோட்டைக் கடைவீதிக்குத் தட்டாக வந்தது. தோட்டத் தொழிலாளரின் வாழ்வைத் திரையிலே காட்டிய இந்நாட்டுப் படங்கள் அவ்வாறு வந்து பரவவில்லை. தாத்தா கொட்டகையிலே கண்ட ‘புதிய காற்றை’ப் பேரனுக்கு எடுத்துக் காட்ட அலமாரியிலே ஒரு தட்டில்லை. நினைவிலே மட்டும் தங்கிய படம், நினைத்தவரோடு போய்விடுகின்றது.

இதே பாடத்தை 1981ஆம் ஆண்டிலே யாழ்ப்பாணப் பொது நூலகமும் கற்பித்தது. ஏறத்தாழ 97,000 நூல்கள் அங்கே எரிந்தன. அவற்றுள் வேறெங்கும் படியில்லாதவை மீளவில்லை; படியுள்ளவை மீண்டும் வாங்கப்பட்டன. ஒரு மக்களின் நினைவு ஓரிடத்திலே குவிந்திருக்குமாயின் ஓரிரவிலே அதனை அழித்துவிடலாம். ஆயிரம் வீடுகளிலே சிதறிக்கிடக்குமாயின் அதனை அழிப்பது அரிது. மலிவான பிளாத்திக்குத் தட்டு, அதனைச் செய்தோர் எண்ணாமலேயே, இத்தகைய காப்பை மக்களுக்கு அளித்தது.

இனி இன்றைய நிலையை நோக்குவோம். வி.எச்.எஸ். கருவியை இறுதிவரை செய்துவந்த ஜப்பானிய நிறுவனமான ஃபுனாய் 2016 ஜூலையில் அதனை நிறுத்திற்று. அஞ்சல் வழியே தட்டுகளை வாடகைக்கு அனுப்பிப் பெருநிறுவனமாக வளர்ந்த அமெரிக்காவின் நெற்பிளிக்ஸ் 2023 செப்டெம்பரிலே அச்சேவையை மூடிற்று. இரத்தோட்டையிலும் ஏனைய ஊர்களிலும் கைப்பேசியே இன்று கொட்டகை. பழைய படங்கள் இணையத்திலே கொட்டிக்கிடக்கின்றன. பேட்டரி சுமக்க வேண்டியதில்லை. தட்டு மாற்ற வேண்டியதில்லை. இவ்வசதியைக் குறைகூறுவது பொருந்தாது. நடக்கவியலாத முதியவருக்கும் நீலகிரியில் உள்ள உறவினருக்கும் ஒரே படத்தை ஒரே இரவிலே காட்ட வல்லது அது.

ஆயினும் இரண்டு இழப்புகள் உண்டு. ஒரு பாயிலிருந்து பதின்மர் பார்த்த படத்தை இன்று பதின்மர் பத்துத் திரைகளிலே பார்க்கின்றனர். வண்ணம் வரும் வேளையில் முகம் பார்ப்பார் இல்லை. இரண்டாவது, இணையப் படம் பார்ப்பவருக்குச் சொந்தமன்று. அது எங்கோ உள்ள ஒரு நிறுவனத்தின் களஞ்சியத்திலே இருக்கின்றது. உரிமை ஒப்பந்தம் முடிந்தால் அறிவிப்பின்றியே மறையும். ஆயிரம் அலமாரிகளிலே சிதறியிருந்தது மீண்டும் சில பெட்டிகளுக்குள்ளே குவிகின்றது. 1983ஆம் ஆண்டின் பாடத்தை மறவாதவர்கள் இதனைக் கவலையோடு நோக்குவதில் நியாயம் உண்டு.

பழையவற்றுக்கு மீண்டும் உயிரூட்டலாம் என்பதற்குச் சான்றுகள் உள்ளன. 1964ஆம் ஆண்டின் ‘கர்ணன்’ புதுக்கப்பட்டு 2012ஆம் ஆண்டிலே வெளியானபோது கொட்டகைகள் நிறைந்தன. ‘ஆயிரத்தில் ஒருவன்’ 2014ஆம் ஆண்டிலே அவ்வாறே வந்தது. புதுக்குவதற்குப் படி ஒன்று எஞ்சியிருத்தல் முதற்கடன். எழுத்து வழிச் செல்வத்தைக் காக்க 2005ஆம் ஆண்டிலே தொடங்கப்பட்ட ‘நூலகம்’ என்னும் எண்ணிம நூலகம், தனிவீடுகளிலே கிடந்த இலங்கைத் தமிழ் நூல்களையும் இதழ்களையும் பல்லாயிரமாகத் திரட்டிவருகின்றது. தனிவீட்டு அலமாரிகளே பெரிய ஆவணக்காப்பகம் என்பதை அப்பணி காட்டுகின்றது.

ஆதலால் மலைநாட்டு வீடுகளிலே தூசு படிந்து கிடக்கும் தட்டுகளைக் குப்பை என்று எறியுமுன் ஒருமுறை எடுத்துப் பார்ப்பது நன்று. திரைப்படத் தட்டுகளுக்கிடையே ஊர்த் திருவிழா, திருமணம், பாடசாலை நாடகம், காமன் கூத்து ஆகியவற்றைப் பதிந்த தட்டுகளும் கிடக்கக்கூடும். திரைப்படத்துக்கு வேறு படிகள் எங்கேனும் இருக்கும்; இவற்றுக்கு அவை ஒன்றே படி. தட்டும் அழிவற்றதன்று. வெயிலும் வெப்பமும் அதனைக் கெடுக்கும். வீட்டிலே பதிந்த தட்டின் சாயப்பூச்சு சில ஆண்டுகளிலே மங்கிவிடலாம். பெயர் எழுதும் மேற்பக்கத்திலே கீறல் விழுந்தால் அலுமினியப் பூச்சே பெயர்ந்து போகும். நிழலும் உலர்வும் உள்ள இடத்திலே உறையிலிட்டு நிமிர்த்தி வைத்தலும், இயங்கும் கருவி கிடைக்கும் காலத்திலேயே கணினிக்கு மாற்றி இரண்டு இடங்களிலே சேமித்தலும், யார் எந்த ஆண்டிலே பதிந்தது என்பதை எழுதிவைத்தலும் எவரும் செய்யத்தக்க சிறு பணிகள்.

பழைய தட்டிலே பார்த்த படத்துக்காக ஏங்குவோர் உண்மையிலே ஏங்குவது படத்தின் தெளிவுக்காக அன்று. இன்றைய தெளிவு அன்றில்லை. கூடியிருந்த கூட்டத்துக்காகவும், கையிலே ஒரு பொருள் இருந்தது என்ற உறுதிக்காகவும் ஏங்குகின்றனர். மன்னார்க் காட்டுவழியே வெறுங்கையோடு நடந்து வந்தவர்களின் வழித்தோன்றல்களுக்கு நிலமும் வீடும் நெடுங்காலம் சொந்தமாக இருக்கவில்லை. குடியுரிமையும் ஒரு காலத்திலே இல்லாதிருந்தது. அத்தகைய ஒரு குடும்பம், 12 சென்ரிமீற்றர்த் தட்டொன்றைத் துடைத்து உறையிலிட்டு, ‘இது எங்கள் படம்’ என்று சொல்லத் தொடங்கிய காலம் அது. அந்தச் சொல்லின் மதிப்பை அறிந்தவர்கள், ‘எங்கள் படம்’ எனச் சொல்லத்தக்க ஏனையவற்றையும் இனியேனும் தேடிக் காப்பார்களாக.